புதிய பயிற்சியாளரின் முதல் பருவம்: கல்லூரி முதல்வருக்கான கடிதத்தில் கையெழுத்திடலாமா?

கேள்வி: தெற்குமாசிவீதிக்காரன்

அனைவருக்கும் வணக்கம். மதுரையில் நான் படித்த கல்லூரியின் கால்பந்து அணி தொடர்பாக உங்கள் கருத்தைக் கேட்க விரும்புகிறேன். கல்லூரியின் பெயரையும் பயிற்சியாளரின் பெயரையும் வேண்டுமென்றே தவிர்த்திருக்கிறேன். ஊகிக்க முடிந்தவர்களும் இங்கே எழுதாமல் இருக்க வேண்டுகிறேன்.

பதினேழு ஆண்டுகளுக்கு முன்பு அந்த அணியில் வலப்பக்க பேக்காக (தடுப்பாட்டக்காரனாக) ஆடியவன் நான். இப்போது துணிக்கடை நடத்துகிறேன். முன்னாள் வீரர்கள் பத்துப் பன்னிரண்டு பேர் சேர்ந்து ஆண்டுதோறும் பந்து, சீருடை, வெளியூர்ப் பயணம் ஆகியவற்றுக்குப் பணம் கொடுத்து வருகிறோம். நீண்ட காலம் அணியைப் பார்த்துக்கொண்ட உடற்கல்வி இயக்குநர் ஓய்வு பெற்றுவிட்டதால், கால்பந்துக்கென்று தனியாக ஓர் இளைஞரை ஒப்பந்த அடிப்படையில் கல்லூரி நியமித்தது. அகில இந்தியக் கால்பந்துக் கூட்டமைப்பின் சி நிலைப் பயிற்சியாளர் உரிமம் பெற்றவர். ஆகஸ்ட் இரண்டாம் வாரத்தில் பொறுப்பேற்றார்.

நட்பு ஆட்டங்களையும் சேர்த்து இந்தப் பருவத்தில் ஒன்பது ஆட்டங்கள் ஆடியிருக்கிறோம். வென்றவை இரண்டு, சமன் இரண்டு, தோற்றவை ஐந்து. செப்டம்பர் இறுதியில் நடந்த கல்லூரிகளுக்கிடையேயான பல்கலைக்கழகப் போட்டியில் முதல் ஆட்டத்திலேயே 1-3 என்று தோற்று வெளியேறினோம். எங்கள் காலத்தில் அரையிறுதிக்குப் போகாவிட்டால் விடுதியில் முகம் காட்ட முடியாது. தோல்வியைவிட அது வந்த விதந்தான் பலரை வருத்தியது. விழுந்த மூன்று கோல்களில் இரண்டு, கோல் கிக்கில் (எதிரணியினர் கோல் கோட்டுக்கு வெளியே அனுப்பிய பந்தைக் கோல் அருகிலிருந்து உதைத்து ஆட்டத்தைத் தொடங்குவது) கோல்கீப்பர் தன் அருகில் நின்ற ஸ்டாப்பருக்கு, அதாவது நடுத் தடுப்பாட்டக்காரருக்கு, மெதுவாகத் தட்டிவிட்ட பந்தை எதிரணியினர் பறித்து அடித்தவை. முந்தின நாள் மழை பெய்து மைதானம் சேறாகக் கிடந்தது. அப்படியிருந்தும் பந்தைத் தூக்கி அடிக்கக் கூடாது என்பது பயிற்சியாளரின் கட்டளையாம்.

வேறு குறைகளும் சொல்லப்படுகின்றன. மூன்றாம் ஆண்டு மாணவர்கள் மூவரை, அவர்களில் ஒருவர் சென்ற பருவத்தில் எங்களுக்காக அதிகக் கோல் அடித்த முன்கள வீரர், வெளியே உட்காரவைத்துவிட்டு முதலாமாண்டுப் பையன்களை இறக்குகிறார். காலைப் பயிற்சியின் முதல் இருபது நிமிடங்கள் பந்தே இல்லாமல் குதிப்பதிலும் குந்தி எழுவதிலும் போகின்றன. ஊர்த் திருவிழாக்களில் அணிக்கு ஏழு பேராக ஆடும் செவன்ஸ் ஆட்டங்களுக்கு யாரும் போகக் கூடாது என்று தடை போட்டிருக்கிறார். பரிசுப் பணத்தை நம்பியிருந்த பையன்களுக்கு இது பெரிய இழப்பு.

இவற்றையெல்லாம் எழுதி, வரும் ஏப்ரலில் அவருடைய ஒப்பந்தத்தைப் புதுப்பிக்க வேண்டாம் என்று முதல்வரைக் கேட்டுக்கொள்ளும் கடிதம் ஒன்றை நண்பர்கள் தயாரித்திருக்கிறார்கள். ஏழு பேர் கையெழுத்திட்டுவிட்டார்கள், அடுத்தது நான். ஓர் ஆளின் பிழைப்பு என்பதால் கை கொஞ்சம் தயங்குகிறது. கல்லூரி அணிக்கு வரும் புதிய பயிற்சியாளரின் முதல் பருவத்தை எதை வைத்து எடைபோடுவது? அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள்.

பதில்: ஓய்வுபெற்ற பி.டி. ஆசிரியர்

தம்பிக்கு வணக்கம். மதுரைக்குத் தெற்கே ஒரு கல்லூரியில் முப்பத்தொரு ஆண்டுகள் உடற்கல்வித் துறையில் இருந்தவன் என்ற முறையில் எழுதுகிறேன். உங்கள் கல்லூரியோடு எனக்கு எந்தத் தொடர்பும் இல்லை.

நீங்கள் எழுதியதில் மிக முக்கியமான செய்தியைப் போகிற போக்கில் சொல்லிவிட்டு நகர்ந்துவிட்டீர்கள். அவர் ஆகஸ்ட் இரண்டாம் வாரத்தில் பொறுப்பேற்றார் என்பதுதான் அது. விளையாட்டு ஒதுக்கீட்டுக்கான தேர்வு, சேர்க்கை நடக்கும் மே, ஜூன் மாதங்களிலேயே முடிந்துவிடும். எந்தப் பள்ளியில் நல்ல கோல்கீப்பர் இருக்கிறான், திண்டுக்கல் பக்கத்திலிருந்து எந்த இடக்கால் ஆட்டக்காரன் வரக்கூடும், யாருடைய தகப்பனாரிடம் போய்ப் பேசினால் பையனை நம் கல்லூரியில் சேர்ப்பார் என்பதெல்லாம் அந்த இரண்டு மாதங்களில் தீர்மானமாகிற விஷயங்கள். என் பணிக்காலத்தில் மே மாத வெயிலில் இருசக்கர வாகனத்தில் வாடிப்பட்டிக்கும் உசிலம்பட்டிக்கும் நான் அலைந்த அலைச்சல்தான், செப்டம்பரில் மைதானத்தில் கோலாக விழுந்தது. உங்கள் பயிற்சியாளருக்கு அந்த வாய்ப்பே கிடைக்கவில்லை. வேறொருவர் அரிசி, பருப்பு, காய்கறி எல்லாம் வாங்கி வைத்துவிட்டுப் போன அடுப்படியில் அவரை நிறுத்தி, விருந்து எங்கே என்று கேட்கிறீர்கள்.

இரண்டாவதாக, நாட்களை எண்ணிப் பாருங்கள். ஆகஸ்ட் நடுவிலிருந்து செப்டம்பர் இறுதி வரை ஆறு வாரங்கள். வாரத்துக்கு ஐந்து காலைகள் என்றால் முப்பது. சுதந்திர தினம், விநாயகர் சதுர்த்தி, உள்மதிப்பீட்டுத் தேர்வு, மழை, காய்ச்சல் எல்லாம் போக இருபது காலைகள் மிஞ்சியிருந்தால் அதிகம். ஒரு காலை என்பது ஆறு மணி முதல் ஏழரை வரை. அதற்குமேல் மதுரை வெயில் விடாது, வகுப்பும் விடாது. ஆக அவருக்குக் கிடைத்தது முப்பது மணி நேரம். தூக்கி அடித்துவிட்டு ஓடுவது என்று மூன்றாண்டுகளாகப் பழகிய கால்களைத் தரையோடு தரையாகப் பந்தைக் கடத்தும் ஆட்டத்துக்கு மாற்ற முப்பது மணி நேரம் போதாது. இதை நான் அவருக்காக வக்காலத்து வாங்கிச் சொல்லவில்லை; நானே ஒரு முறை அப்படி மாற்ற முயன்று, பாதியில் கைவிட்டவன்.

மூன்றாம் ஆண்டு மாணவர்களை உட்காரவைத்ததைக் குற்றமாகச் சொல்கிறீர்கள். இளங்கலைப் படிப்பு மூன்று ஆண்டுகள். ஆண்டுதோறும் அணியில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு வீரர்கள் பட்டம் வாங்கிக்கொண்டு போய்விடுவார்கள். கிளப் அணிபோல ஒரே பதினொருவரைப் பத்தாண்டுகள் வைத்து ஆட முடியாது. முதல் பருவத்தை மூத்த மாணவர்களை வைத்து ஓட்டினால் ஒன்றிரண்டு வெற்றிகள் கூடுதலாக வந்திருக்கலாம். அடுத்த ஜூலையில் கை வெறுமையாக நிற்கும். அதே வேளையில், மூன்றாண்டுகள் வியர்வை சிந்திய பையனை அவனுடைய கடைசிப் பருவத்தில் ஒரு வார்த்தை சொல்லாமல் ஓரங்கட்டுவது பாவம். அவர் அந்த மூவரையும் கூப்பிட்டுப் பேசினாரா இல்லையா என்று விசாரியுங்கள். எனக்கு அது வெற்றி தோல்விக் கணக்கைவிடப் பெரிய கேள்வி.

பழைய கதை ஒன்றையும் சொல்லிவிடுகிறேன், வயதானவன் பொறுத்துக்கொள்ளுங்கள். ஹைதராபாத்தில் பள்ளி ஆசிரியராக இருந்த சையது அப்துல் ரஹீம் இந்திய அணிக்குப் பயிற்சியாளராக இருந்தபோது, 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் நாம் யூகோஸ்லாவியாவிடம் 10-1 என்று தோற்றோம். நம் வீரர்களில் பலர் அன்று வெறுங்காலோடு ஆடினார்கள். அந்த ஒரு ஆட்டத்தோடு அவரை வீட்டுக்கு அனுப்பியிருந்தால் யாரும் கேட்டிருக்க மாட்டார்கள். அனுப்பவில்லை. 1956 மெல்போர்னில் ஆஸ்திரேலியாவை 4-2 என்று வென்று நான்காம் இடம் பெற்றோம். 1962 ஜகார்த்தா ஆசிய விளையாட்டின் இறுதியில் தென் கொரியாவை 2-1 என்று வென்று தங்கம் வாங்கினோம். உங்கள் பயிற்சியாளர் இன்னொரு ரஹீம் என்று நான் சொல்லவில்லை. ஒன்பது ஆட்டங்களை வைத்து ரஹீமையும் அடையாளம் கண்டிருக்க முடியாது என்று சொல்கிறேன்.

பதில்: மஞ்சள் அட்டை

நான் மாவட்ட அளவில் நடுவராக இருப்பவன். பி.டி. ஐயா சொன்னவற்றில் பெரும்பாலானவற்றை ஏற்கிறேன். ஆனால் சேற்று மைதானத்தில் நடந்ததைப் பற்றி அவர் ஒன்றும் சொல்லாமல் விட்டுவிட்டார், அதில் பயிற்சியாளர் மீது எனக்கு மனத்தாங்கல் உண்டு.

முதலில், அந்தச் சிறிய கோல் கிக் எங்கிருந்து வந்தது என்பது பழைய வீரர்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும். நீங்கள் ஆடிய காலத்து விதிப்படி கோல் கிக், கோலுக்கு முன்னே கோடு போட்டிருக்கும் பெனால்டி பகுதியைத் தாண்டிய பிறகுதான் பந்து ஆட்டத்துக்கு வந்ததாகக் கணக்கு. உள்ளேயே யாராவது தொட்டுவிட்டால் திரும்ப அடிக்க வேண்டும். 2019-இல் அந்த விதி மாறியது. இப்போது பந்தை உதைத்து அது தெளிவாக நகர்ந்தாலே ஆட்டம் தொடங்கிவிடும். சக வீரர் பெனால்டி பகுதிக்குள்ளேயே நின்று பந்தை வாங்கலாம், எதிரணியினர் அதுவரை வெளியே நிற்க வேண்டும். அதனால்தான் தொலைக்காட்சியில் வரும் அணிகளெல்லாம் கோல்கீப்பரின் இரு பக்கமும் இரண்டு ஸ்டாப்பர்களை நிறுத்திச் சிறிதாகத் தொடங்குகின்றன. உங்கள் பயிற்சியாளர் உரிம வகுப்பில் படித்ததைச் செய்கிறார். அதில் பைத்தியக்காரத்தனம் ஒன்றும் இல்லை.

பைத்தியக்காரத்தனம் வேறு இடத்தில் இருக்கிறது. அந்த ஆட்ட முறை பந்து ஒழுங்காக உருளும் புல்தரைக்கு உரியது. நம் பக்கத்து மைதானங்கள் பெரும்பாலும் செம்மண். புல் இருந்தாலும் திட்டுத் திட்டாக இருக்கும். வெயில் காலத்தில் பந்து குதித்துக் குதித்துப் போகும். மழை பெய்தால் பாதி வழியில் நின்றுவிடும். ஐந்து மீட்டர் தட்டிவிட்ட பந்து மூன்றாவது மீட்டரில் சேற்றில் நின்றால், ஓடி வருகிற எதிரணி முன்கள வீரனுக்கு அது தட்டில் வைத்துக் கொடுத்த சோறு. 1992-க்குப் பிறகு சக வீரர் காலால் வேண்டுமென்றே திருப்பித் தரும் பந்தைக் கோல்கீப்பர் கையால் எடுக்கவும் முடியாது. ஆகவே சிக்கிக்கொண்ட ஸ்டாப்பர் பந்தைத் திருப்பிக் கொடுத்தாலும் தப்பிக்க வழி இல்லை. முதல் கோல் அப்படி விழுந்த பிறகு இடைவேளையிலாவது மாற்றியிருக்க வேண்டும். இரண்டாவது கோலும் அதே மாதிரி விழுந்தது என்றால், அது பையன்களின் பிழை அன்று.

மாற்றுவதற்கு வழியும் இருந்தது. கோல் கிக்கிலிருந்து நேராகப் பந்தை வாங்குபவருக்கு ஆஃப்சைடு கிடையாது, அதாவது எதிரணியின் தடுப்பாட்டக்காரர்களைத் தாண்டி நின்று பந்தை வாங்கினாலும் தவறாகாது. வேகமான பையன் ஒருவனை எதிரணியின் கடைசித் தடுப்பாட்டக்காரனுக்கும் பின்னால் கொண்டுபோய் நிறுத்தினால், எதிரணியில் இரண்டு பேராவது அவனோடு பின்வாங்கித்தான் ஆக வேண்டும். அப்போது சிறிய கோல் கிக்கை நெருக்க ஆள் குறையும்; அப்படியும் நெருக்கினால் நீளமாக அடிக்கலாம். இரண்டு வழியும் கையில் இருக்க, ஒரு வழியைக் கட்டளையாகப் போட்டுவிட்டு நிற்பது பயிற்சி அன்று, பிடிவாதம்.

இருந்தாலும் ஒரு பிடிவாதத்துக்காக ஒப்பந்தத்தை முறிக்கச் சொல்ல மாட்டேன். முப்பது வயதில் எனக்கும் அது இருந்தது. பெனால்டி கொடுத்த வேகத்தில் விசிலைக் கடித்தே உடைத்திருக்கிறேன்.

பதில்: நடுக்களத்தான்

நான் இவர்கள் இருவரோடும் உடன்படவில்லை. கையெழுத்துப் போடுங்கள். புதிய பயிற்சியாளருக்குக் காலம் வேண்டும் என்பது தோற்றவர்கள் எப்போதும் சொல்லும் காரணம். நம் தமிழ்நாட்டிலேயே சென்னை சிட்டி அணியைப் பாருங்கள். சிங்கப்பூரைச் சேர்ந்த அக்பர் நவாஸ் 2018-இல் பொறுப்பேற்றார். அதற்கு முந்தைய பருவத்தில் பட்டியலின் கீழ்ப்பகுதியில் கிடந்த அணி, அவருடைய முதல் பருவத்திலேயே ஐ-லீக் என்ற தேசிய லீக் பட்டத்தை வென்றது. கடைசி நாள் ஆட்டத்தில், கோயம்புத்தூர் நேரு விளையாட்டரங்கில், மினர்வா பஞ்சாப் அணியிடம் முதலில் ஒரு கோல் வாங்கிவிட்டு 3-1 என்று திருப்பி அடித்தார்கள். ஈஸ்ட் பெங்காலை ஒரே ஒரு புள்ளியில் முந்தினார்கள். அவர்களும் தரையில்தான் பந்தை உருட்டினார்கள். சரக்கு உள்ளவர் முதல் பருவத்திலேயே காட்டிவிடுவார்.

பதில்: டென்வர் மதுரைக்காரன்

நடுக்களத்தான் அண்ணன் சொன்ன உதாரணம் உண்மைதான். ஆனால் அது பி.டி. ஐயாவின் பக்கத்துக்கே வலு சேர்க்கிறது. அந்தப் பருவத்துக்கு முன்பாக சென்னை சிட்டி ஸ்பெயினிலிருந்து ஆட்டக்காரர்களைக் கொண்டுவந்தது. அவர்களில் ஒருவரான பெட்ரோ மான்சி மட்டும் அந்த லீகில் 21 கோல் அடித்தார். பயிற்சியாளருக்கு வேண்டிய ஆட்கள் பருவம் தொடங்குமுன் கையில் இருந்தார்கள்.

நான் அனுப்பானடியில் வளர்ந்தவன். எட்டு ஆண்டுகளாக கொலராடோ மாநிலத்தில் வேலை பார்க்கிறேன். இங்கே கல்லூரிக் கால்பந்து என்பது வேறு ஆட்டம்: கையில் பந்தைத் தூக்கிக்கொண்டு ஓடுவது, தலைக்கவசம், மார்புக் கவசம். வந்த புதிதில் எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. ஆனால் கல்லூரி அணி, புதிய பயிற்சியாளர், பொறுமையில்லாத பழைய மாணவர்கள் என்கிற மூன்றும் இங்கேயும் அப்படியே இருக்கின்றன. அதனால் என் வீட்டிலிருந்து முக்கால் மணி நேரப் பயணத்தில் இருக்கும் போல்டர் நகரத்துக் கொலராடோ பல்கலைக்கழகத்தில் நடந்ததைச் சொல்கிறேன்.

2022-இல் அந்த அணி 12 ஆட்டங்களில் ஒன்றே ஒன்றில் வென்றது. அந்த ஆண்டு டிசம்பரில் டியான் சாண்டர்ஸ் என்ற பழைய நட்சத்திர வீரரைத் தலைமைப் பயிற்சியாளராகக் கொண்டுவந்தார்கள். இங்கே ஒரு கல்லூரி வீரர் இன்னொரு கல்லூரிக்கு மாறிக்கொள்ள முறையான வழி இருப்பதால், அவர் பழைய அணியில் பெரும்பாலானவர்களை அனுப்பிவிட்டுப் புதிய ஆட்களை நிரப்பினார். அவருடைய மகன்களும் அவர்களில் உண்டு. 2023 பருவத்தின் முதல் ஆட்டத்தில், அதற்கு முந்தைய பருவத்தின் தேசிய இறுதி வரை போயிருந்த டிசியு (டெக்சாஸ் கிறிஸ்டியன் பல்கலைக்கழகம்) அணியை அவர்களுடைய மைதானத்திலேயே 45-42 என்று வென்றார்கள். தொடர்ந்து மூன்று வெற்றி. அந்த மூன்று வாரங்கள் இந்த ஊர் சித்திரைத் திருவிழா கண்ட மதுரைபோல இருந்தது. அலுவலகத்தில் ஆட்டத்தைப் பற்றி ஒன்றும் தெரியாதவர்கள்கூட அணியின் சட்டையைப் போட்டுக்கொண்டு வந்தார்கள்.

நான்காவது ஆட்டத்தில் ஆரிகனிடம் 42-6 என்று அடி. பிறகு ஸ்டான்ஃபோர்டுக்கு எதிராக இடைவேளையில் 29-0 என்று முன்னிலையில் இருந்துவிட்டு, கூடுதல் நேரத்தில் 46-43 என்று தோற்றார்கள். அந்த இரவு நான் தூங்கவில்லை, எதற்கென்று என் மனைவிக்கு இன்றுவரை விளங்கவில்லை. கடைசி ஆறு ஆட்டங்களிலும் தோற்று, 4 வெற்றி 8 தோல்வி என்று பருவம் முடிந்தது. மூன்றாவது வாரத்தில் எழுதியவர்கள் அவரை மேதை என்றார்கள். பன்னிரண்டாவது வாரத்தில் எழுதியவர்கள் வெறும் வாய்வீச்சு என்றார்கள். 2024-இல் அதே ஆள் 9 வெற்றி 4 தோல்வி. அணியின் டிராவிஸ் ஹன்டர் நாட்டின் சிறந்த கல்லூரி வீரருக்கான ஹைஸ்மன் கோப்பையை வாங்கினார். ஹன்டரும் பயிற்சியாளரின் மகனும் தொழில்முறை அணிகளுக்குப் போன பிறகு, 2025-இல் 3 வெற்றி 9 தோல்வி.

பயிற்சியாளர் ஒருவரே, ஆட்கள் மாறினார்கள், கணக்கும் மாறியது. வேண்டிய ஆளை அள்ளிக்கொண்டு வர வசதியுள்ள இடத்திலேயே இந்த நிலை என்றால், சேர்க்கை முடிந்த பிறகு வந்தவரிடம் ஒன்பது ஆட்டங்களுக்குக் கணக்குக் கேட்பது எனக்கு நியாயமாகப் படவில்லை.

பதில்: கோல்கீப்பரின் அம்மா

இந்த உரையாடலை என் மகன்தான் எனக்குக் காட்டினான். நீங்கள் எல்லோரும் பேசிக்கொண்டிருக்கிற அந்தக் கோல்கீப்பர் அவனாகத்தான் இருக்க வேண்டும் என்று நினைக்கிறேன். இல்லாவிட்டாலும் அதே மாதிரி இரண்டு கோல் வாங்கிய இன்னொரு பையன். எனக்கு ஆட்டம் தெரியாது. வீட்டில் பார்த்ததை மட்டும் எழுதுகிறேன்.

அந்தத் தோல்விக்குப் பிறகு இரண்டு நாள் அவன் சரியாகச் சாப்பிடவில்லை. அணியின் வாட்ஸ்அப் குழுவில் பழைய மாணவர்கள் சிலர் எழுதியதைப் படித்துவிட்டு, கையுறையை அலமாரிக்கு மேல் தூக்கிப் போட்டுவிட்டான். மூன்றாம் நாள் பயிற்சியாளர் வீட்டுக்கு வந்தார். காபி கொடுத்தேன், குடித்தார். என் முன்னால் அவனிடம், நான் சொன்னதைத்தான் நீ செய்தாய், அந்த இரண்டு கோலும் என் பெயரில் எழுதிக்கொள் என்றார். இதை அவர் வெளியில் யாரிடமும் சொன்னதாகத் தெரியவில்லை. அதனால் நான் சொல்கிறேன்.

இருபது நிமிடம் பந்தில்லாமல் குதிக்கிறார்கள் என்று எழுதியிருந்தீர்கள். ஃபிஃபா 11 பிளஸ் என்ற பயிற்சியாம்; ஓட்டம், தசை வலு, மறுபடி ஓட்டம் என்று மூன்று பகுதி, பதினைந்து பயிற்சிகள். முழங்கால், கணுக்கால், தொடை காயங்கள் குறையும் என்று ஆய்வு செய்து சொல்லியிருக்கிறார்களாம். சென்ற ஆண்டு இவன் கணுக்கால் பிசகி, ஆறு வாரம் கட்டுப்போட்டு வீட்டில் கிடந்தான். அரசு இராசாசி மருத்துவமனையில் வரிசையில் நின்றவள் நான். இந்தப் பருவத்தில் அணியில் ஒருவனுக்கும் அப்படி ஆகவில்லை என்கிறான். கோல் கணக்கு எழுதுகிறவர்கள் இதையும் ஓர் ஓரத்தில் எழுதிக்கொள்ளலாம்.

செவன்ஸ் விஷயத்தில் பயிற்சியாளர் மேல் எனக்கும் கோபம் உண்டு. இவனுக்கு இல்லை என்றாலும், உடன் ஆடும் பையன் ஒருவன் அந்தப் பணத்தில்தான் தேர்வுக் கட்டணம் கட்டுவான். ஆடாதே என்று சொல்லும்போது அதற்கு மாற்று என்ன என்றும் சொல்ல வேண்டாமா? பழைய மாணவர்கள் சீருடைக்குப் பணம் கொடுக்கிறீர்கள், நல்லது. புதுச் சட்டையைவிட அந்தப் பையனுக்குக் கட்டணம் பெரிய உதவி. காலைப் பயிற்சி முடிந்து வெறும் வயிற்றோடு முதல் வகுப்பில் உட்கார்ந்து தூங்கி வழிகிற விடுதிப் பையன்களுக்கு ஊறவைத்த கடலையும் இரண்டு வாழைப்பழமும் ஏற்பாடு செய்தாலும் புண்ணியம். வருகைப் பதிவு எழுபத்தைந்து விழுக்காட்டுக்குக் குறைந்தால் தேர்வே எழுத முடியாது. போட்டிக்குப் போன நாட்களுக்கு ஓ.டி. (கல்லூரிப் பணியில் இருந்ததாக வருகைப் பதிவு) வாங்க ஒவ்வொரு துறையாக இவர்கள் நடையாய் நடக்கிறார்கள். கடிதம் எழுதுவதாக இருந்தால் இதையெல்லாம் எழுதுங்கள் ஐயா.

பதில்: தெற்குமாசிவீதிக்காரன்

எழுதிய அனைவருக்கும் நன்றி. அம்மாவின் பதிலைப் படித்த பிறகு, வாட்ஸ்அப் குழுவில் எழுதியவர்களில் நானும் ஒருவன் என்பதை ஒப்புக்கொள்கிறேன். அன்று இரவே அந்தப் பதிவை நீக்கினேன். ஆனால் படித்தவன் படித்துவிட்டான். தம்பியிடம் என் சார்பில் வருத்தம் தெரிவியுங்கள், நேரிலும் சொல்வேன்.

சென்ற வாரம் இரண்டு நாள் காலையில் கடையைத் திறக்குமுன் மைதானத்துக்குப் போய் உட்கார்ந்தேன். முதல் நாள் பயிற்சியாளர் என்னைக் கண்டுகொள்ளவில்லை. இரண்டாம் நாள் அவராகவே வந்து பேசினார், அதற்குப் பிறகு இருவரும் வாசலில் பருத்திப்பால் குடித்தோம். ஒரு நீளக் குறிப்பேடு வைத்திருக்கிறார். ஒவ்வொரு பையனும் ஒவ்வோர் ஆட்டத்திலும் எத்தனை நிமிடம் ஆடினான், எந்த நாள் ஏன் பயிற்சிக்கு வரவில்லை என்பது வரை அதில் இருக்கிறது. மஞ்சள் அட்டை ஐயா சொன்ன ஆஃப்சைடு யோசனையைச் சொன்னேன். சிரித்துவிட்டு, அதைத்தான் இப்போது பழக்குகிறேன், செப்டம்பரிலேயே பழக்கியிருக்க வேண்டும் என்றார். மூன்றாம் ஆண்டு மாணவர்களைப் பற்றிக் கேட்டபோது மட்டும் பதில் சரியாக வரவில்லை. இருவரிடம் பேசியிருக்கிறார், அந்த முன்கள வீரரிடம் பேசவில்லை. நானாக அவனிடம் போய்ப் பேசினேன். அவன் இன்னும் கோபமாகத்தான் இருக்கிறான், அதில் தவறு சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

கடிதத்தில் கையெழுத்திடவில்லை. என்னோடு இன்னும் நான்கு பேர் சேர்ந்து வேறொரு கடிதம் எழுதிக் கொடுத்திருக்கிறோம். வரும் மே மாதம் விளையாட்டு ஒதுக்கீட்டுத் தேர்வுக் குழுவில் பயிற்சியாளரும் உட்கார வேண்டும், அதுவரையாவது ஒப்பந்தம் நீடிக்க வேண்டும், ஓ.டி. கையெழுத்தை ஒரே இடத்தில் வாங்க வழி செய்ய வேண்டும் என்று கேட்டிருக்கிறோம். தேர்வுக் கட்டணத்தை நாங்கள் ஏற்றுக்கொள்கிறோம். கடலை, வாழைப்பழம் இந்தத் திங்கட்கிழமை தொடங்கிவிட்டது. ஏற்கனவே கையெழுத்துப் போட்ட நண்பர்களில் மூவர் இனிப் பணம் தர மாட்டோம் என்று சொல்லிவிட்டார்கள்; ஆகவே இந்த ஆண்டு புதிய சீருடை கிடையாது.

இன்னொன்று. வரும் ஞாயிறு காலை ஆறரை மணிக்குப் பழைய வீரர்களுக்கும் இப்போதைய அணிக்கும் ஒரு நட்பு ஆட்டம் வைத்திருக்கிறோம். அந்த மூன்றாம் ஆண்டுப் பையன் எங்கள் பக்கம் ஆட ஒப்புக்கொண்டிருக்கிறான். மஞ்சள் அட்டை ஐயா நடுவராக வர முடியுமா? விசில் நாங்களே வாங்கி வைக்கிறோம்.

பதில்: மஞ்சள் அட்டை

வருகிறேன். இரண்டு வாங்கி வையுங்கள்.